கறிவேப்பிலையில் வாழும் தரங்கம்பாடி மருத்துவர்

உயிர்ப்பெயர் வரலாறு – 9

கறிவேப்பிலையின் அறிவியல் பெயர் ‘முர்ராயா கோனிகியை’. இரண்டு சொற்கள், அவற்றுக்குள் இரண்டு மனிதர்கள். முர்ராயாவுக்குள் இருப்பவர் யோஹன் ஆண்ட்ரியாஸ் முர்ரே. ஜெர்மனியின் கோட்டிங்கன் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்தவர், இந்தியாவுக்கு வராதவர். கோனிகியைக்குள் இருப்பவர் யோஹன் கெர்ஹார்ட் கோனிக். தரங்கம்பாடிக்கு மருத்துவராக வந்து, சோழமண்டலக் கரை நெடுகச் செடி தேடி அலைந்து, இந்த நாட்டிலேயே கண்மூடியவர்.

இருசொல் பெயர்முறையை ஸ்வீடன் இயற்கையியலாளர் லின்னேயஸ் 1753-இல் தாவரங்களுக்கும் 1758-இல் விலங்குகளுக்கும் நிலைநிறுத்திய கதையைச் சென்ற இதழில் பார்த்தோம். முதற்சொல் பேரினம், இரண்டாம் சொல் சிற்றினம். அந்த இரண்டு சொற்களுக்குள் மனிதர்களின் குடும்பப் பெயர்கள் எப்படி நுழைந்தன, யாருக்குக் கதவு திறந்தது, யார் வாசலோடு நின்றுவிட்டார்கள் என்பதை இந்த இதழில் பார்ப்போம். அதை அறியத் தரங்கம்பாடிக்குப் போவதே நல்லது.

லின்னேயஸின் இரண்டு மாணவர்கள்

கோனிக் 1728-இல் லிவோனியாவில், இன்றைய லாட்வியாவில் பிறந்தார். ஸ்வீடனின் உப்சாலாவில் லின்னேயஸிடம் பயின்றார். 1764-இலும் 1765-இலும் ஐஸ்லாந்து தீவில் செடி சேகரித்தார். அங்கே அவர் கண்டெடுத்தவற்றில் ஒன்று, சில சென்டிமீட்டர் உயரமே வளரும் ஒரு பூண்டு. குளிர் நாட்டின் குறுகிய கோடைக்குள் முளைத்துப் பூத்துக் காய்த்து மடிந்துவிடும். லின்னேயஸ் 1767-இல் அதற்குத் தம் மாணவரின் பெயரையே பேரினப் பெயராகச் சூட்டி ‘கோனிகியா ஐலாண்டிகா’ என்றார்.

அடுத்த ஆண்டே கோனிக் தரங்கம்பாடியில் இருந்தார். டேனிஷ்காரர்கள் 1620-இல் தஞ்சை நாயக்கரிடம் பெற்ற கடற்கரை ஊர் அது. 1706-இல் மிஷனரி சீகன்பால்கு வந்திறங்கிய நாளிலிருந்து ஜெர்மனியின் ஹாலே நகரோடு கடிதப் போக்குவரத்து உள்ள ஊர். மிஷனுக்கு மருத்துவர் தேவைப்பட்டார், கோனிக் வந்தார். நோயாளிகளைப் பார்த்த நேரம் போக மற்ற நேரமெல்லாம் செடிகளோடுதான். காய வைத்த கிளைகளும் விதைகளும் குறிப்புகளும் கப்பல் கப்பலாக உப்சாலாவுக்குப் போயின.

லின்னேயஸ் 1771-இல் வெளியிட்ட நூலில் அந்தப் பார்சல்களின் விளைச்சல் தெரிகிறது. கறிவேப்பிலைக்கு அதில் ‘பெர்கேரா கோனிகியை’ என்று பெயர். வெள்ளைப் பூவும் நல்ல மணமுமாக வேலியோரங்களில் வளர்க்கப்படும் இன்னொரு செடிக்கு அதே நூலில் ‘முர்ராயா’ என்று பேரினப் பெயர். இந்த முர்ராயாவை முன்மொழிந்தவர் கோனிக்கேதான்! லின்னேயஸின் இன்னொரு மாணவரான முர்ரேக்கு அவர் செய்த மரியாதை அது. 1825-இல் ஹாலே நகரத் தாவரவியலாளர் கர்ட் ஸ்ப்ரெங்கெல், கறிவேப்பிலையும் முர்ராயா பேரினத்தைச் சேர்ந்ததே என்று முடிவுசெய்தார். ‘முர்ராயா கோனிகியை’ பிறந்தது அப்போதுதான். கோனிக் பிறருக்காகக் கட்டிய வீட்டில் அவருக்கே இடம் கிடைத்தது.

கதை அங்கும் முடியவில்லை. அண்மைக்கால மரபணு ஆய்வுகள் கறிவேப்பிலையை முர்ராயாவிலிருந்து மறுபடி பிரிக்கின்றன. எனவே இன்று பல தாவரவியலாளர்கள் பழைய ‘பெர்கேரா கோனிகியை’யை எழுதுகிறார்கள். இத்தனை மாற்றத்திலும் அசையாமல் இருப்பது இரண்டாம் சொல். ஓர் உயிரினத்தை ஒரு பேரினத்திலிருந்து இன்னொன்றுக்கு மாற்றினாலும் அதன் சிற்றினப் பெயரை உடன் கொண்டுபோக வேண்டும் என்பது விதி. ஆகவே கறிவேப்பிலை எந்தப் பேரினத்துக்குப் பெயர்ந்தாலும் கோனிக்கும் கூடவே போவார்.

ஆறாம் வேற்றுமையில் ஒரு வணக்கம்

‘கோனிகியை’ என்ற சொல் எப்படி உருவாகிறது? தமிழ் இலக்கணம் படித்தவர்களுக்கு இது எளிது. நம் ஆறாம் வேற்றுமைக்கு நிகரான உடைமை வேற்றுமை லத்தீனிலும் உண்டு. ‘கோனிக்கினுடைய’ என்பதே அந்தச் சொல்லின் பொருள். முதலில் குடும்பப் பெயரை லத்தீன் எழுத்துமுறைக்குள் கொண்டுவருவார்கள். கோனிக்கின் பெயரில் தலைமேல் இரு புள்ளி வைத்த ஜெர்மன் ‘ஓ’ உண்டு. லத்தீனில் அந்த எழுத்து இல்லாததால் ‘ஓ’, ‘இ’ என்னும் இரண்டு ரோமன் எழுத்துகளாக அது பிரிந்தது. பிறகு வேற்றுமை ஈறு. மெய்யொலியில் முடியும் ஆண் பெயரென்றால் கடைசியில் ‘ஐ’ என்னும் ரோமன் எழுத்து இரண்டு முறை வரும்: கோனிகியை, ஜானியை. பெயர் ‘எர்’ என்று முடிந்தால் ஒரே ‘ஐ’ போதும்: ராட்லெரி. பெண்ணின் பெயரானால் ‘ஏ’, ‘இ’ இரண்டும் சேர்ந்து வரும். இரண்டு மூன்று ஆண்களைச் சேர்த்துச் சொல்வதானால் ‘ஓரம்’ என்று முடியும்.

உடைமை வேற்றுமையைத் தவிர்த்து, பெயரடையாக ஆக்கும் வழியும் உண்டு. ராபர்ட் வைட் என்பவரின் பெயரை ‘வைட்டியை’ என்றும் எழுதலாம், ‘வைட்டியானா’ என்றும் எழுதலாம். பின்னது பெயரடை என்பதால் பேரினப் பெயரின் பாலுக்கு ஏற்ப ‘வைட்டியானஸ்’, ‘வைட்டியானம்’ என்று உருமாறும். ஒருவரைப் பேரினத்தின் பெயராகவே ஆக்குவது இன்னும் பெரிய மரியாதை. பிரெஞ்சுத் துறவி சார்ல் ப்ளுமியே 18-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இதைப் பரவலாக்கினார். மாக்னோலியா, பிகோனியா, லொபேலியா எல்லாம் அவர் வைத்த பெயர்கள். லின்னேயஸ் அந்த வழக்கத்தை ஏற்று விரிவாக்கினார். நம் மந்தாரை ‘பௌஹினியா’ ஆனது அப்படித்தான். அதன் இலை நடுவில் பிளந்து இரண்டு சம மடலாக நிற்கும். பௌஹின் என்ற இரு சகோதரர்கள் தாவரவியலில் சரிசமமாக உழைத்தவர்கள். அவர்களுக்கு இந்த இலை பொருந்தும் என்று லின்னேயஸ் கருதினார்.

எழுதப்படாத ஒரு மரபும் இதோடு ஒட்டிக்கொண்டது. யாரும் தம் பெயரைத் தாமே சூட்டிக்கொள்வதில்லை. பெயர் பிறர் தரவேண்டியது. தாத்தாவின் பெயரைப் பேரனுக்கு வைப்பது நம் குடும்பங்களில் எப்படி மூத்தவருக்குச் செய்யும் கடமையோ, இங்கும் அப்படியே. மேசையில் உட்கார்ந்து எழுதியவர், வெயிலில் அலைந்து அனுப்பியவருக்குச் செலுத்தும் கடன் இது. அந்தக் கடன் எவ்வளவு நேர்மையாகச் செலுத்தப்பட்டது என்பதுதான் இந்த வரலாற்றின் மையக் கேள்வி.

மீனும் பாம்பும் அனுப்பிய பாதிரியார்

கோனிக் ஊட்டிய ஆர்வம் தரங்கம்பாடி மிஷன் வீடுகளில் பரவியது. கிறிஸ்டோஃப் சாமுவேல் ஜான் 1771-இல் வந்தார். யோஹன் பீட்டர் ராட்லர் 1776-இல் வந்தார். போதகர்களும் மருத்துவர்களுமாக இருந்த இவர்கள் ஒருவர் கண்டதை மற்றவருக்குக் காட்டி, ஐரோப்பாவின் நிபுணர்களுக்கு அனுப்பி வைத்தார்கள். 18-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் தென்னிந்தியத் தாவரவியலுக்குத் தலைநகரம் என்று சொல்லத்தக்க ஊர் இந்தச் சின்னத் துறைமுகம்தான்.

ஜானுக்கு மீன்களில் நாட்டம். பெர்லினில் மார்கஸ் எலீசர் ப்ளாக் என்ற யூத மருத்துவர் உலக மீன்களைப் பற்றி 12 தொகுதிகளில், 432 வண்ணப் படங்களுடன் ஒரு பெருநூல் எழுதிக்கொண்டிருந்தார். அவருக்கு ஜான் தரங்கம்பாடி மீன்களைப் பதப்படுத்தி அனுப்பினார். ப்ளாக் நன்றி மறக்கவில்லை. நம் சந்தைகளில் கத்தாளை என்று விற்கும் மீன்களில் ஒரு கூட்டத்துக்கு 1793-இல் ‘ஜானியஸ்’ என்று பேரினப் பெயர் வைத்தார். அதற்கு முந்தைய ஆண்டில் விவரித்த இன்னொரு மீன் இன்று ‘லுட்ஜானஸ் ஜானியை’ என்று அழைக்கப்படுகிறது.

ப்ளாக் வைத்த பெயர்களில் ஒன்று ‘ஜானியஸ் கருத்தா’. முதற்சொல்லில் பாதிரியார் இருக்கிறார். இரண்டாம் சொல் சோழமண்டலக் கரை மீனவர்கள் அந்த மீனின் நிறம் பார்த்துச் சொன்ன சொல். ஜான் மீனை மட்டும் அனுப்பவில்லை, கரையில் கேட்ட பெயரையும் எழுதி அனுப்பினார் என்பதற்கு இது சான்று. விராலை ப்ளாக் 1793-இல் விவரித்தார். உடம்பின் கோடுகளைக் குறித்த அந்தப் பெயர் இன்று ‘சன்னா ஸ்ட்ரையாட்டா’ என்று வழங்குகிறது. 1801-இல் பாரிஸில் இயற்கையியலாளர் லாசெபேத் அதே மீனுக்கு இன்னொரு பெயரிட்டார்: ‘ஓஃபிசெஃபாலஸ் வ்ரால்’. நம் ‘விரால்’ தான் அது. முந்தைய பெயர் நிலைத்ததால் லாசெபேத் வைத்த பெயர் ஒதுங்கிவிட்டது. ஆனாலும் வலை வீசிய யாரோ ஒருவரின் வாய்மொழி பாரிஸ் அச்சகம் வரை போயிருக்கிறது. அந்த மீனவரின் பெயர் மட்டும் எந்தத் தாளிலும் ஏறவில்லை.

நிலத்தில் ஜானுக்குக் கிடைத்த பங்கு மண்ணுளிப் பாம்பு. வாலும் தலையும் ஒன்றுபோல் தோன்றுவதால் இருதலைப் பாம்பு என்று நாம் சொல்லும் அந்தச் சாதுவான உயிர் இன்று ‘எரிக்ஸ் ஜானியை’. தரங்கம்பாடியிலிருந்து கிடைத்த பாம்பை வைத்து 1801-இல் ‘போவா ஜானியை’ என்று பெயரிட்டவர் பாட்ரிக் ரசல். அவரைத் தெரியாதவர்கள் தமிழ்நாட்டில் குறைவு. பாம்பு வழியாகத்தான் தெரியும்.

ஓர் எழுத்து குறைந்த ரசல்

எடின்பரோவில் பிறந்த ரசல், சிரியாவின் அலெப்போவில் நெடுங்காலம் மருத்துவராக இருந்தவர். 1781-இல் தம்பியோடு விசாகப்பட்டினம் வந்தார். கோனிக் 1778-இல் கிழக்கிந்தியக் கம்பெனியின் சேவைக்கு மாறி, சயாமும் மலாக்காவும் போய்த் திரும்பியிருந்தார். 1785-இல் காக்கிநாடா அருகே ஜெகந்நாயக்கபுரத்தில் அவர் இறந்தபோது, கம்பெனியின் இயற்கையியலாளர் பொறுப்பு ரசலுக்கு வந்தது. தாம் சேர்த்த தாள்களையெல்லாம் கோனிக் லண்டனில் இருந்த இயற்கையியலாளர் ஜோசப் பேங்ஸுக்கு எழுதி வைத்துவிட்டிருந்தார்.

ரசலை உலுக்கியது பாம்புக்கடிச் சாவுகள். எந்தப் பாம்பு நஞ்சுள்ளது, எது இல்லாதது என்று மக்கள் பிரித்தறிய வேண்டும் என்று அவர் விரும்பினார். கோழிகளையும் நாய்களையும் கடிக்கவிட்டு விளைவுகளைக் குறித்தார். புகழ்பெற்ற ‘தஞ்சாவூர் மாத்திரை’யையும் சோதித்தார், ஆர்செனிக் கலந்த அந்த மாத்திரை நம்பியவர்களைக் காப்பாற்றவில்லை என்று கண்டார். 1796-இல் சோழமண்டலக் கரையின் பாம்புகளைப் பற்றிப் பெரிய அளவில், படங்களுடன் நூல் வெளியிட்டார். அதில் பல பாம்புகளுக்கு மக்கள் வழங்கிய பெயர்களையே அவர் தந்திருந்தார். கண்ணாடி விரியனும் அதில் தெலுங்குப் பெயரோடுதான் இருந்தது.

அந்தப் பாம்புக்கு லத்தீன் பெயர் வைத்தவர் லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்தில் இருந்த ஜார்ஜ் ஷா. ஓவியர் நாடருடன் சேர்ந்து வெளியிட்ட இதழில் 1797-இல் ‘கொலூபர் ரசெலியை’ என்று எழுதினார். இன்று அது ‘டபோயா ரசெலியை’. ரசலின் குடும்பப் பெயரில் ‘எல்’ இரண்டு முறை வரும். ஷா ஒன்றுதான் எழுதினார். பின்வந்த பலர் இரண்டாவதைச் சேர்த்து எழுதிப் பார்த்தார்கள். விலங்கியல் பெயர்விதி அதை ஏற்பதில்லை: முதலில் அச்சான எழுத்துக்கூட்டலே நிலைக்கும். தாவரவியலில் ஈறுகளைத் திருத்திக்கொள்ள இடம் உண்டு. விலங்கியலில் அச்சுக்குப் போன கணத்திலேயே பெயர் உறைந்துவிடுகிறது. அதனால் உலகெங்கும் மருத்துவ நூல்களில், ஆயிரக்கணக்கான உயிர்களைக் காக்கும் நஞ்சுமுறிவு மருந்தின் ஆய்வறிக்கைகளில் ரசலின் பெயர் ஓர் எழுத்து குறைந்தே வாழ்கிறது.

அந்த மருந்துக்கான நஞ்சைக் கண்ணாடி விரியனிடமிருந்து எடுப்பவர்களில் முதன்மையானவர்கள் வடநெம்மேலியில் 1978 முதல் கூட்டுறவுச் சங்கம் நடத்திவரும் இருளர்கள். அவர்களில் வடிவேல் கோபால், மாசி சடையன் இருவருக்கும் 2023-இல் பத்மஸ்ரீ கிடைத்தது. தடம் பார்த்தே பாம்பை அறியும் அந்த அறிவு ரசல் வருவதற்கு வெகுகாலம் முன்பே இந்தக் கரையில் இருந்தது.

மூத்த பெயரே வெல்லும்

பெயர் கிடைத்துவிட்டால் அது நிலைத்துவிடும் என்றும் சொல்வதற்கில்லை. முந்தி வெளியான பெயருக்கே உரிமை என்பது பெயர்முறையின் அடிப்படைச் சட்டம். அந்தச் சட்டத்துக்கு முகமும் நன்றியும் தெரியாது.

ராட்லரை எடுத்துக்கொள்வோம். 1799–1800-இல் தரங்கம்பாடியிலிருந்து சென்னைக்குப் போய்த் திரும்பிய வழியெங்கும் கண்ட செடிகளைக் குறித்து வைத்தவர் அவர். பின்னாளில் சென்னை வேப்பேரியில் குடியேறி, தமிழ்–ஆங்கில அகராதி ஒன்றைத் தொகுத்தார். அதன் முதற்பகுதி 1834-இல் வெளிவந்தது. முழுவதும் அச்சாகுமுன் 1836-இல் காலமானார். செடிக்கும் சொல்லுக்கும் ஒரே மனிதர் இவ்வளவு உழைத்தது அரிது. பெர்லின் தாவரவியலாளர் வில்டெனோ 1797-இல் அவருக்காக ‘ராட்லெரா’ என்ற பேரினத்தை அமைத்தார். கம்பெனித் தாவரவியலாளர் ராக்ஸ்பர்க், பட்டுக்குச் சாயமேற்றும் கபிலப்பொடி தரும் மரத்தை அதில் சேர்த்து ‘ராட்லெரா டிங்டோரியா’ என்றார். ஆனால் அதே வகை மரங்களுக்கு 1790-இலேயே போர்ச்சுகீசியத் தாவரவியலாளர் லூரெய்ரோ ‘மல்லோட்டஸ்’ என்று பெயர் வைத்திருந்தார். ராட்லெரா விழுந்தது; கபிலப்பொடி மரம் இன்று மல்லோட்டஸ். ‘குரோசோஃபோரா ராட்லெரி’ என்ற சிறு பூண்டிலும் வேறு சில செடிகளிலும் ராட்லர் இரண்டாம் சொல்லாக உயிரோடு இருக்கிறார்.

சண்பகத்தின் கதையும் இதே போன்றது. லின்னேயஸ் அதை ஃப்ளாரன்ஸ் நகரத்து மிக்கேலியின் நினைவாக ‘மிக்கேலியா சம்பகா’ என்றார். மிக்கேலியாவும் மாக்னோலியாவும் ஒன்றே என்று பின்னாளில் தெளிந்தபோது, மோன்பெலியே நகரத்துப் பேராசிரியர் மாக்னோலின் பெயர் நிலைத்தது, மிக்கேலி விலகினார். ‘சம்பகா’ என்ற நம் நாட்டுச் சொல் மட்டும் இரண்டிலும் தொடர்ந்தது.

இப்போது தஞ்சை மரபு ஓவியர்கள் இருவரைப் பற்றிச் சொல்ல வேண்டும்; இந்த வரலாற்றில் எனக்கு மிக நெருக்கமான பகுதி இது. ராபர்ட் வைட் 1819-இல் சென்னை வந்த ஸ்காட்டிஷ் மருத்துவர். நாகப்பட்டினம், பாளையங்கோட்டை, கோயம்புத்தூர் என்று வேலை பார்த்த இடமெல்லாம் செடி சேகரித்தார். 1838-இலிருந்து 1853 வரை அவர் வெளியிட்ட தென்னிந்தியத் தாவரப் படத்தொகுப்பில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட படங்கள். அவற்றின் பின்னால் இருந்த கைகள் ரங்கையாவும் கோவிந்துவும். மகரந்தப் பை எத்தனை, சூலகத்தில் அறைகள் எத்தனை, இலைநரம்பு எங்கே கிளைக்கிறது என்று கண்ணால் எண்ணித் தூரிகையில் இறக்கியவர்கள் அவர்கள். செடி வாடிப்போகும், அனுப்பும் வழியில் பூச்சி அரிக்கும், படம் நிற்கும். ஐரோப்பிய அறிஞர்கள் பல செடிகளை அறிந்ததே அந்தப் படங்களால்தான்.

1832-இல் ஜெர்மன் அறிஞர் நீஸ் ஃபான் எசன்பெக், ஆடாதோடைக் குடும்பத்தில் ஒரு பேரினத்துக்கு ரங்கையாவின் நினைவாக ‘ரங்கியா’ என்று பெயரிட்டார். சித்த மருத்துவத்தில் பயன்படும் கோடகசாலை ‘ரங்கியா ரெபென்ஸ்’ என்று அறியப்பட்டது அதனால்தான். வைட் 1853-இல் தம் நூலின் இறுதித் தொகுதியில் ஓர் ஆர்க்கிட் பேரினத்துக்குக் ‘கோவிந்தூயா’ என்று பெயர் வைத்தார். கிழக்கிந்தியக் கம்பெனியின் காலத்தில், சம்பளத்துக்கு வேலை செய்த இந்திய ஓவியர் ஒருவரின் பெயரைத் தாவர உலகின் நிரந்தரப் பட்டியலில் ஏற்ற முயன்ற செயல் அது.

சட்டம் அதையும் விடவில்லை. அதே ஆர்க்கிட் கூட்டத்துக்கு லண்டனில் ஜான் லிண்ட்லி 1833-லேயே ‘ட்ரோபிடியா’ என்று பெயரிட்டிருந்தார். கோவிந்தூயா இணைப்பெயர்ப் பட்டியலுக்குள் ஒடுங்கியது. ஆனால் பெயர்முறையில் தோற்ற பெயரும் அழிவதில்லை. ‘ட்ரோபிடியா’வின் இணைப்பெயர்களைத் தேடும் எந்த ஆய்வாளரும் இன்றும் கோவிந்துவைச் சந்தித்தே ஆகவேண்டும்.

மேகமலையிலிருந்து தாய்லாந்துக்கு

20-ஆம் நூற்றாண்டில் இந்தக் கடன் தீர்க்கும் வழி திசைமாறியது. பெயர் சூட்டுபவரும் சூட்டப்படுபவரும் ஆசியர்களாக இருக்கும் காலம் வந்தது. அதற்கு நல்ல சான்று தேனி மாவட்டத்து மேகமலையில் கிடைத்தது.

1948-இல் அங்கே வாழ்ந்த இயற்கை ஆர்வலர் ஆங்கஸ் ஹட்டன் ஒரு பழந்தின்னி வௌவாலைப் பிடித்துப் பம்பாய் இயற்கை வரலாற்றுச் சங்கத்துக்கு அனுப்பினார். சாதாரண வௌவால் என்று தவறாகப் பெயர் எழுதப்பட்டு அது பெட்டியில் கிடந்தது. கிட்டி தாங்லாங்யா என்ற தாய்லாந்து விலங்கியலாளர் அதை எடுத்துப் பார்த்தார். பல்லமைப்பு எந்த வௌவாலோடும் ஒத்துப்போகவில்லை. புதிய சிற்றினம் மட்டுமல்லாமல் புதிய பேரினமே என்று 1972-இல் அறிவித்து, பறவையியலாளர் சாலிம் அலியின் பெயரால் ‘லாட்டிடென்ஸ் சாலிம்அலியை’ என்று பெயரிட்டார். உலகின் மிக அரிய வௌவால்களில் ஒன்று அது.

தாங்லாங்யா 1974-இல் காலமானார். தாய்லாந்தின் சுண்ணாம்புக் குகைகளில் அவர் சேகரித்திருந்த மிகச் சிறிய வௌவாலை லண்டனின் ஜான் எட்வர்ட்ஸ் ஹில் அதே ஆண்டு விவரித்தார். ஏறத்தாழ 2 கிராம் எடையுள்ள அதற்கு ‘க்ரேசியோநிக்டெரிஸ் தாங்லாங்யாயி’ என்று பெயர். பிறருக்குப் பெயர் கொடுத்தவருக்கு இரண்டே ஆண்டில் அதே மரியாதை திரும்பி வந்தது.

பெண்களுக்கான ஈறு பல காலம் அரிதாகவே பயன்பட்டது. களத்துக்குப் போக அவர்களை விட்டால்தானே பெயரும் வரும்! கோயம்புத்தூர் கரும்பு இனப்பெருக்க நிலையத்தில் 1930-களில் பணியாற்றி, கரும்பின் குரோமோசோம் ஆய்வில் உலகப் புகழ் பெற்றவர் இ.கே. ஜானகி அம்மாள். அவர் நினைவாக 2019-இல் மேற்குத் தொடர்ச்சி மலைப் பல்லி ஒன்றுக்கு ‘ட்ராவிடோகெக்கோ ஜானகியே’ என்று பெயர் வைத்தார்கள். இந்திய ஆய்வாளர்கள், இந்திய மலை, இந்திய அறிவியலாளர்: கடன் கொடுத்தவரும் தீர்த்தவரும் ஒரே மண்ணில்.

பெயர்கள் இருக்கட்டும், கதைகள் சேரட்டும்

மனிதர்களின் பெயரை உயிரினங்களுக்குச் சூட்டும் வழக்கத்தையே நிறுத்த வேண்டும் என்று அண்மை ஆண்டுகளில் சில அறிவியலாளர்கள் எழுதுகிறார்கள். காலனி ஆட்சியின் முத்திரை இந்தப் பெயர்களில் இருக்கிறது என்பது அவர்கள் வாதம். 2024-இல் மாட்ரிட் நகரில் கூடிய பன்னாட்டுத் தாவரவியல் மாநாடு, கறுப்பின மக்களை இழிவுபடுத்தும் ‘கஃப்ரா’ என்ற சொல்லை இருநூறுக்கும் மேற்பட்ட பெயர்களில் ‘அஃப்ரா’ என்று மாற்ற வாக்களித்தது. விலங்கியல் பெயர் ஆணையம், பெயர்களின் நிலைத்தன்மையே முதன்மை என்று கூறி அத்தகைய மாற்றங்களை ஏற்கவில்லை.

இழிசொல்லை நீக்குவது அறம். அதில் தயக்கம் வேண்டாம். ஆனால் கோனிக், ஜான், ராட்லர் போன்றவர்களின் பெயர்களைக் களைந்தால் நமக்கு இழப்பே மிஞ்சும் என்று நான் உறுதியாக நம்புகிறேன். அந்தப் பெயர்கள் இருப்பதால்தான் ஒரு கறிவேப்பிலைக் கொத்திலிருந்து தரங்கம்பாடிக்கும், அங்கிருந்து உப்சாலாவுக்கும் ஹாலேவுக்கும் நம்மால் வழி கண்டுபிடிக்க முடிகிறது. அவற்றைப் பின்தொடர்ந்து போனால் மறைந்துகிடப்பவர்களும் தென்படுகிறார்கள். ‘ஜானியஸ் கருத்தா’வைப் படிக்காவிட்டால் அந்தக் கரை மீனவரின் குரலை நாம் கேட்டிருக்க மாட்டோம். ‘கோவிந்தூயா’வைத் தேடாவிட்டால் கோவிந்துவின் தூரிகையை அறிந்திருக்க மாட்டோம்.

மீதமுள்ள கடனை இனிப் பெயர் சூட்டப் போகிறவர்கள் தீர்க்கலாம். மேற்குத் தொடர்ச்சி மலையில் ஒவ்வோர் ஆண்டும் புதிய தவளைகள், பல்லிகள், செடிகள் அறிவிக்கப்படுகின்றன. அவற்றைத் தேடிப் போகும் ஆய்வுக் குழுக்களுக்கு வழிகாட்டிகளாகப் பெரும்பாலும் காணிக்காரர், காடர், இருளர், பளியர் இளைஞர்கள் முன்னே நடக்கிறார்கள். எந்தக் கல்லின் அடியில் எந்தத் தவளை இருக்கும் என்று அவர்களுக்குத்தான் தெரியும். ஆய்வுக் கட்டுரையின் கடைசிப் பத்தியில் ஒரு நன்றி வரியோடு அவர்களை விட்டுவிடாமல், லத்தீனின் அந்த உடைமை ஈற்றை அவர்கள் பெயர்களோடும் சேர்க்க வேண்டும். விதிப்புத்தகத்தில் அதற்கு எந்தத் தடையும் இல்லை. வெளியீட்டுக்குக் காத்திருக்கும் அடுத்த கட்டுரையிலேயே தொடங்கிவிடலாம்.

அடுத்த இதழில்: மனிதர்களை விட்டு ஊர்களுக்குப் போவோம். ஒரு செந்நிறப் புறாவின் பெயரில் தரங்கம்பாடி எப்படி வந்தது? ‘மலபாரிகா’, ‘செய்லானிகா’, ‘கோரமண்டலியானா’ என்ற சொற்கள் எந்தக் கப்பல்களில் ஏறிப் போயின?

(தொடரும்)